ஏலக்காய் ஸ்டோரில் ஒரு மௌனப் படம்

என் மகளிடம் நான் எந்த மொழியில் பேச வேண்டும்? போடிநாயக்கனூரில் ரயிலை விட்டு இறங்கும்போது இந்தக் கேள்வியோடுதான் இறங்கினேன். ஒன்பது நாள் கழித்து ஸ்பெயினில் இருக்கும் வலென்சியாவுக்குத் திரும்பி, பெட்டிகளைப் பிரித்து, துணியெல்லாம் துவைத்து மடித்தும் ஆயிற்று. விடை மட்டும் கிடைக்கவில்லை. ஆனாலும் இதை எழுதும்போது கை பரபரக்கிறது. காரணத்தை முறையாகச் சொல்கிறேன்.

கயலுக்கு மூன்று வயது நான்கு மாதம். ஊருக்குப் புறப்படும்வரை ஒரு சொல் பேசியதில்லை. காது நன்றாகக் கேட்கிறது என்று மூன்று முறை பரிசோதித்துச் சொல்லிவிட்டார்கள். நாம் சொல்வது புரிகிறது. சிரிக்கிறாள், கையைக் காட்டுகிறாள், கோபம் வந்தால் செருப்பைத் தூக்கி எறிகிறாள். பேச்சு மட்டும் இல்லை. வீட்டில் தமிழ், தெருவில் ஸ்பானிஷ், பக்கத்து வீட்டில் அந்த ஊருக்கே உரிய வலென்சிய மொழி. “குழந்தையைக் குழப்பாதீர்கள், ஒரே மொழியில் பேசுங்கள்” என்றார் பேச்சுப் பயிற்சி கொடுக்கும் பெண்மணி. பள்ளியில் சேரப்போகிற பிள்ளைக்கு அந்த ஒரே மொழி ஸ்பானிஷாக இருப்பதுதான் நல்லது என்று என் கணவரும் நினைத்தார். ஊருக்குப் போய்வந்ததும் வீட்டில் தமிழை நிறுத்திவிடுவது என்று பேசி முடித்தோம். நானும் சரி என்றேன். சொன்ன கணத்திலிருந்து, சொன்னது சரியா என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

என் வேலையையும் சொல்லிவிட வேண்டும். வலென்சியாவில் ஒரு சிறிய திரைப்படக் காப்பகத்தில் பகுதி நேரமாக இருக்கிறேன். ஸ்பெயினில் மௌனப் படங்கள் பேசும் படங்களாக மாறிய சில ஆண்டுகளின் படச்சுருள்களைப் பார்த்து, காட்சி காட்சியாக விவரம் எழுதிவைப்பது என் பொறுப்பு. ஊமைப்படம் என்று எல்லோரும் சொல்வார்கள். எனக்கு அந்தச் சொல் இப்போதெல்லாம் வாயில் வருவதில்லை. என் நாத்தனார் செல்வி போடியில் ஒரு பள்ளியில் ஆசிரியை. அவளுடைய மாணவிகளுக்கு ஒரு படத்தைப் போட்டுக் காட்டும்படி கேட்டிருந்தாள். அனுமதி வாங்கி, அரைமணி நேரப் படம் ஒன்றின் பிரதியையும், உள்ளங்கையில் அடங்கும் மின்கல ப்ரொஜெக்டர் ஒன்றையும் எடுத்துக்கொண்டு வந்தேன்.

நான் சென்னைக்காரி. போடி எனக்குப் புகுந்த வீட்டு ஊர். கல்யாணத்துக்குப் பிறகு இரண்டு முறைதான் வந்திருக்கிறேன். முதல் நாள் மாலை செல்வி என்னையும் கயலையும் கடைத்தெருவுக்குக் கூட்டிப்போய்ப் பருத்திப்பால் வாங்கித் தந்தாள். சுக்கும் கருப்பட்டியும் மணக்க, தொண்டையைச் சுடும் சூடு. வலென்சியாவில் கோரை இனத்துக் கிழங்கு ஒன்றை அரைத்துப் பிழிந்து, அந்தப் பாலை ஐஸ் போலக் குளிரவைத்துக் குடிப்பார்கள். இரண்டும் தூரத்துச் சொந்தம்போல எனக்குத் தோன்றியது. கயல் இரண்டு டம்ளர் குடித்தாள். இவ்வளவு கொடுக்கலாமா என்று தள்ளுவண்டிக்காரரிடமே கேட்டேன். அவர் மூன்றாவதை ஊற்றப் போனார்.

வீட்டுக்கு வந்தால் பார்க்க வந்தவர்கள் காத்திருந்தார்கள். “பாப்பா பேசலையா?” என்பதைத்தான் ஆளாளுக்கு வேறு வேறு விதமாகக் கேட்டார்கள். ஒருவர் நேர்ந்துகொள்ளச் சொன்னார். இன்னொருவர் வசம்பைச் சுட்டு நாக்கில் தடவச் சொன்னார். அதில் தீங்கு உண்டு என்று நான் படித்திருக்கிறேன். மறுநாள் காலை கடையில் வசம்பு வாங்கினேன், பையின் அடியில் ஒளித்துவைத்தேன், இரண்டு நாள் கழித்து எடுத்துத் தூர எறிந்தேன்.

இரண்டாம் நாள், செல்வியின் கணவர் ராஜா அண்ணன் என்னை ஏலக்காய் ஏலம் பார்க்க அழைத்துப்போனார். சின்ன வியாபாரி. போடிமெட்டுக்கு அந்தப்பக்கம் கொஞ்சம் ஏலத் தோட்டமும் உண்டு. ஏலம் என்றால் கூச்சல் என்று நினைத்துக் கயலின் காதைப் பொத்தத் தயாராகப் போனேன். உள்ளே வரிசையாகக் கணினிகள். வியாபாரிகள் மாதிரிக் காயை உள்ளங்கையில் உருட்டி, முகர்ந்து, தட்டில் கொட்டிவிட்டு ஒரு பொத்தானை அமுக்குகிறார்கள். காய் தட்டில் விழும் சலசலப்பைத் தவிர ஒரு குரல் இல்லை. முன்பெல்லாம் சத்தம் போட்டுத்தான் கேட்பார்களாம். சினிமா மௌனத்திலிருந்து சத்தத்துக்குப் போனது, இங்கே சத்தத்திலிருந்து மௌனத்துக்கு வந்திருக்கிறார்கள் என்று அவரிடம் சொன்னேன். அவர் சிரித்துவிட்டு, வாயால் போடுகிற சண்டையை இப்போது விரலால் போடுகிறோம் என்றார். கயல் அந்தச் சலசலப்பையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

மூன்றாம் நாள் பள்ளியில் படம் காட்டினேன். இரண்டு வாரம் கண்விழித்துத் தமிழில் எழுத்துப் போட்டு வைத்திருந்தேன். கதை எளிமையானது. குங்குமப்பூ விளையும் கிராமத்தில் ஒரு பெண். அவளை விட்டுவிட்டுக் கோவேறு கழுதைக்காரன் ஒருவன் நகரத்துக்குப் போய்விடுகிறான். மழையில் அவனைத் தேடி அவள் புறப்படுகிறாள். தொடங்குமுன், இது மௌனப் படம், எல்லோரும் அமைதியாகப் பாருங்கள் என்று மாணவிகளிடம் கேட்டுக்கொண்டேன். அமைதியாகத்தான் பார்த்தார்கள். பாதியில் ஒரு மாணவி எழுந்து, ஸ்பீக்கர் வயரைச் சரிபார்க்கட்டுமா என்று பணிவோடு கேட்டாள். முடிந்ததும் கைதட்டினார்கள். அது செல்விக்காகத் தட்டியது. கயல் நடுவிலேயே தூங்கிவிட்டாள்.

ராத்திரிச் சாப்பாட்டுக்குக் கறிதோசை. சுவையாகத்தான் இருந்திருக்கும். எனக்கு இறங்கவில்லை. பிள்ளைக்கும் பேச்சு வரவில்லை, பிழைப்பும் சரியாக வரவில்லை என்று ஒரு கழிவிரக்கம். செல்வி அதைக் கண்டுகொள்ளாமல், சனிக்கிழமை தோட்டத்துக்குப் போகலாம் என்றாள்.

சனிக்கிழமை விடியும்போதே ஜீப்பு வந்து நின்றது. பக்கத்து ஊரான சிலமலையிலிருந்து தினமும் மலைக்கு வேலைக்குப் போகும் பெண்கள் ஏற்கெனவே உள்ளே நெருக்கி உட்கார்ந்திருந்தார்கள். எத்தனை பேர் என்று எண்ண ஆரம்பித்து, பயத்தில் நிறுத்திவிட்டேன். வலென்சியாவில் குழந்தையைத் தனி இருக்கையில் ஐந்து வார் போட்டுக் கட்டினால்தான் கார் நகரும். இங்கே கயல் யார் மடியில் இருக்கிறாள் என்பதே வளைவுக்கு வளைவு மாறிக்கொண்டிருந்தது. ஏழாவது வளைவில் ஈஸ்வரி என்கிற அம்மாளின் சேலையில் வாந்தி எடுத்தாள். நான் பதறி மன்னிப்புக் கேட்டேன். ஈஸ்வரி முந்தானையால் அவள் வாயைத் துடைத்துவிட்டு, “விடு தாயி, இந்த ஜீப்புல வாந்தி எடுக்காதவுக யாரு? டிரைவரே மொத நா எடுத்தவருதேன்” என்றார். முன்னாலிருந்து டிரைவர் கணேசன், அது முந்தின நாள் சாப்பிட்ட பரோட்டாவின் தப்பு என்று மறுத்தார். அதிலிருந்து போடிமெட்டு வரைக்கும் அந்தப் பரோட்டாவைப் பற்றியே பேச்சு.

போடிமெட்டைத் தாண்டினால் கேரளம், காற்றே வேறாகிவிடுகிறது. பால் விடாத கட்டஞ்சாயாவும் அவித்த கப்பையும் காந்தாரி மிளகாய்ச் சம்மந்தியும் தந்தார்கள். கப்பை என்பது மரவள்ளிக்கிழங்கு, சம்மந்தி என்பது துவையல். கயலுக்குக் காரமில்லாமல் கொடுத்தோம். தோட்டத்தில் என் உயரத்துக்கு மேலே ஏலச்செடிகள். காயோ தரையை ஒட்டிக் காய்க்கிறது. நாள் முழுக்கக் குனிந்தே எடுக்க வேண்டும். நான் கால்மணி நேரம் எடுத்துப் பார்த்தேன். முற்றாத காயைப் பறித்துவிட்டேன் என்று அம்மிணி என்கிற மலையாளி அம்மாள் என் கூடையிலிருந்து பாதியைத் தனியே ஒதுக்கினார். அவர் அங்கேயே குடியிருப்பவர். ஈஸ்வரிக்கு நெடுநாள் சோடி. இருவரும் அவரவர் மொழியில் பேசிக்கொள்வார்கள், எங்கும் தடங்கல் வந்ததாகத் தெரியவில்லை.

மதியத்துக்கு மேல் மழை பிடித்தது. சாரல் இல்லை, கொட்டல். எல்லோரும் ஓடி, காய் உலர்த்தும் ஸ்டோருக்குள் புகுந்தோம். மின்சாரம் போய்விட்டது. ஒரு பக்கம் விறகடுப்பின் வெக்கை, மறுபக்கம் சாக்குகள், மேலே தகரம். சற்று நேரத்தில் கணேசன் நனைந்துகொண்டே வந்து, கீழே ரோட்டில் மண் சரிந்துவிட்டது, அள்ளி முடிக்காமல் ஜீப்பை எடுக்க முடியாது என்றார். எவ்வளவு நேரம் ஆகும் என்று கேட்டேன். மண்ணைத்தான் கேட்க வேண்டும் என்றார். நான் பையைத் திறந்து பார்த்தேன். கயலின் மாற்று உடுப்பு ஒன்றுதான் இருந்தது, காய்ச்சல் மருந்து போடியில் இருந்தது. செல்வி என் பையைத் துழாவி ப்ரொஜெக்டரை எடுத்து நீட்டினாள்.

சுண்ணாம்படித்த சுவரில் படத்தை ஓடவிட்டேன். மடிக்கணினி இல்லாமல் செல்பேசியிலிருந்து ஓட்டியதால் நான் பாடுபட்டுச் சேர்த்த தமிழ் எழுத்துகள் வரவில்லை. வேறு வழியின்றி நானே பக்கத்தில் நின்று, “இந்தப் பெண் வறிய குடும்பத்தைச் சேர்ந்தவள்” என்று ஆரம்பித்தேன். மூன்றாவது வாக்கியத்தில் ஒருத்தி கொட்டாவி விட்டாள். ஈஸ்வரி தன் குடையை எடுத்துக்கொண்டு எழுந்தார். “நீ உக்காரு தாயி. படிச்ச புள்ள, தொண்டை வலிக்கும். நாஞ் சொல்றேன்.” குடைக்கம்பியால் சுவரைத் தொட்டார். “ஆனா ஒண்ணு. ஊங் கொட்டுறதுக்கு ஆளு வேணும். இல்லாட்டி எனக்குக் கதை வராது.”

அம்மிணி தான் கொட்டுவதாகச் சொல்லி, கயலை மடியில் வைத்துக்கொண்டு முன்னால் உட்கார்ந்தார்.

நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். ஏனென்றால் இதை நான் படித்திருக்கிறேன், எழுதியும் இருக்கிறேன். ஸ்பெயினில் அந்தக் காலக் கொட்டகைகளில் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் கையில் கோலோடு நிற்பார். விளக்குபவர் என்று பெயர். படத்தில் யார் யார், என்ன பேசுகிறார்கள் என்று அவர்தான் சொல்வார். பழித்துக்காட்டுவார், அழுவார், தகரத்தை ஆட்டி இடி உண்டாக்குவார். கீழே இசைக்கலைஞர்கள் வாசிப்பார்கள். பேசும் படம் வந்ததும் விளக்குபவருக்கும் வாசிப்பவருக்கும் ஒரேயடியாக வேலை போயிற்று. ஆக, மௌனப் படம் ஒருநாளும் மௌனமாக இருந்ததில்லை. இவ்வளவும் தெரிந்த நான்தான் அந்தப் பள்ளிப் பிள்ளைகளை வாயை மூடிக்கொண்டு பார்க்கச் சொன்னேன்.

சுவரில் பெண்கள் மேசையைச் சுற்றி உட்கார்ந்து குங்குமப்பூவின் இழைகளைக் கிள்ளி எடுத்துக்கொண்டிருந்தார்கள். ஈஸ்வரி அதைக் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தார்.

“நம்ம காயப் பறிக்கிறோம். இவளுக பூவோட நாக்கைப் பறிக்கிறாளுக.”

“பின்னே?” என்றார் அம்மிணி. பிறகு என்ன என்று கேட்கும் மலையாளம். அதுதான் அவருடைய ஊம்.

“பெறகென்ன, இந்தா வர்றான் பாரு கழுதைக்காரன். மொகரையைப் பாத்தாலே தெரியுது, பொண்ணு கேக்க வரல.”

கழுதை நடக்க ஆரம்பித்ததும் அம்மிணி இரண்டு தேங்காய்ச் சிரட்டைகளைக் கயலின் கையில் கொடுத்துத் தட்டிக் காட்டினார். கயல் தட்டினாள். கழுதை நின்றது, அவளும் நிறுத்தினாள். நடந்தது, தட்டினாள். ஓடியபோது வேகமாகத் தட்டினாள். ஒரு தட்டல்கூடத் தவறவில்லை. மழைக் காட்சிக்கு யாரோ ஒரு தட்டு நிறைய உலர்ந்த ஏலக்காயையும் ஒரு தகரத் துண்டையும் அவள் முன் வைத்தார்கள். பிடி பிடியாக எடுத்துத் தகரத்தில் கொட்டினாள். வெளியில் நிஜ மழை, உள்ளே கயலின் மழை. காய் வீணாகிறதே என்று நான் எழுந்தேன். செல்வி என்னை இழுத்து உட்காரவைத்தாள்.

நடுவில் அந்தப் பெண் உணவுத் தட்டைத் தள்ளிவிட்டு வெளியே ஓடும் காட்சி வந்தது. காதலனை நினைத்துத் துயரம் என்று திரையில் எழுத்து வரும், எங்கள் காப்பகப் பட்டியலிலும் அப்படித்தான் இருக்கிறது. ஈஸ்வரி, “மூணு மாசம்” என்றார். எல்லோரும் சிரித்தார்கள். இல்லை, எழுத்தில் வேறு போட்டிருக்கிறது என்று சொன்னேன். “எழுதுனவன் ஆம்பளையா இருப்பான்” என்றார். நானும் சிரித்தேன், சட்டென்று நிறுத்தினேன். படத்தின் கடைசியில் ஒரு தொட்டில் இரண்டு நொடி வந்து போகும். வேறு ஏதோ படத்தின் துண்டு ஒட்டிக்கொண்டது என்று குறித்துவைத்திருந்தோம். பேசும் படங்கள் வந்தபின் பழைய படங்களுக்குப் பாட்டும் ஓசையும் சேர்த்து மறுபடி வெளியிட்டபோது, காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்து அட்டைகளையும் சில இடங்களில் மாற்றினார்கள். கதையையே மாற்றிவிட்டார்களோ? ஈஸ்வரி சொல்வது சரியா என்று எனக்குத் தெரியாது. குறிப்பேட்டில் பெரிதாக ஒரு கேள்விக்குறி போட்டுக்கொண்டேன்.

அப்போது கட்டஞ்சாயா வந்தது. ஈஸ்வரி கதையை நிறுத்திவிட்டு ஒரு மடக்குக் குடித்தார். சுவரில் அந்தப் பெண் மழையில் தனியாக நடந்துகொண்டிருந்தாள். எல்லோரும் டம்ளரை ஊதிக்கொண்டிருந்தார்கள்.

“பின்னே?”

அம்மிணி கேட்டார் என்றுதான் நினைத்தேன். அம்மிணியின் உதட்டில் டம்ளர் இருந்தது. அவர் குனிந்து மடியைப் பார்த்தார். நானும் பார்த்தேன். கயல் ஈஸ்வரியையே பார்த்துக்கொண்டிருந்தாள். பொறுமை போய்விட்ட முகம்.

“பின்னே?”

நான் எழுந்திருக்க வேண்டும், ஓடிப்போய்த் தூக்க வேண்டும், இன்னொரு முறை சொல்லச் சொல்ல வேண்டும் என்று உடம்பெல்லாம் துடித்தது. செல்வி என் மணிக்கட்டை விடவே இல்லை. “மதினி, அசையாதீக. கதை ஓடட்டும்” என்று காதோடு சொன்னாள். ஈஸ்வரி டம்ளரைக் கீழே வைத்தார். அவருக்கு எங்கள் விஷயம் ஜீப்பிலேயே தெரியும். ஆனாலும் முகத்தில் ஒன்றும் காட்டவில்லை. தன்னிடம் கதை கேட்கும் யாருக்கும் சொல்வதுபோலக் கயலுக்குச் சொன்னார்:

“பெறகு என்ன ஆத்தா, நடந்தா. மழையின்னு பாத்தா முடியுமா? நடந்தா, நடந்தா…”

கயல் சிரட்டையை எடுத்துத் தட்டினாள். படம் முடிவதற்குள் இன்னும் நான்கு முறை கேட்டாள். நான் எண்ணினேன். அழுதுகொண்டே எண்ணினேன்.

ஐந்து மணிக்கு ரோடு திறந்தது. இறங்கும்போது கயல் ஈஸ்வரி மடியிலேயே தூங்கினாள். போடிக்கு வந்ததும், வலென்சியாவிலேயே இருந்த என் கணவருக்குப் போன் செய்தேன். என்ன சொன்னாள், அம்மா என்றா, அப்பா என்றா என்று கேட்டார். சொன்னேன். “மலையாளமா?” என்றார். பிறகு நெடுநேரம் சிரித்தார், அந்தச் சிரிப்பு வேறொன்றாக மாறியது எனக்குக் கேட்டது. கொஞ்சம் பொறுத்து, அப்படியானால் ஒரே மொழி என்று பேசி முடித்தது என்ன ஆவது என்று கேட்டார். தெரியவில்லை என்றேன்.

ரயிலில் திரும்பி வரும்போது என் வேலையைத்தான் நினைத்துக்கொண்டு வந்தேன். படங்கள் பேசத் தொடங்கியபோது ஸ்பெயினில் ஒலிப்பதிவுக் கருவிகளோ கூடங்களோ போதவில்லை. நடிகர்கள் பாரிசுக்கும் அமெரிக்காவுக்கும் போய்த் தங்கள் மொழியில் பேசி நடித்தார்கள். தமிழ்ப் படங்களுக்காக நம்மவர்கள் பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் போனதுபோல. பல நாட்டு ஸ்பானிஷ்காரர்களும் அங்கே ஒன்றாக நடித்ததால், ஒரே வீட்டில் அப்பா ஒரு நாட்டு உச்சரிப்பிலும் மகன் இன்னொரு நாட்டு உச்சரிப்பிலும் பேசினார்கள். கொட்டகையில் சிரித்தார்கள். எது சரியான ஸ்பானிஷ் என்று பத்திரிகைகளில் சண்டை போட்டார்கள். அந்தச் சண்டையைப் பற்றி நான் பக்கம் பக்கமாகக் குறிப்பு எடுத்திருக்கிறேன். யார் பக்கம் நியாயம் என்று ஒருநாளும் எனக்குத் தீர்மானமாகத் தோன்றியதில்லை.

வலென்சியாவுக்கு வந்து பன்னிரண்டு நாள் ஆகிறது. கயல் தோசைக்கும் பின்னே என்கிறாள், பேருந்துக்கும் பின்னே என்கிறாள், விமானத்தில் தண்ணீர் கொண்டுவந்தவரிடமும் அதையே கேட்டாள். வேறு சொல் எதுவும் வரவில்லை. பேச்சுப் பயிற்சிப் பெண்மணி மகிழ்ந்தார், இது எந்த மொழி என்று குறித்துக்கொண்டார், முன்பு சொன்ன யோசனையையே மறுபடி சொன்னார். ஒவ்வொரு முறை அவள் கேட்கும்போதும் நான் உடனே பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. யோசிக்க நேரமில்லாததால் தமிழ்தான் வந்துவிடுகிறது. இது என் பிடிவாதமா, அவளுக்கு நல்லதா என்று பிரித்துப் பார்க்க எனக்குத் தெரியவில்லை.

பேசத் தாமதமான பிள்ளைகளை இரண்டு மூன்று மொழிகளுக்கு நடுவே வளர்த்தவர்கள் யாராவது இதைப் படித்தால், தயவுசெய்து எனக்கு எழுதுங்கள். பொதுவான ஆறுதல் வேண்டாம், அது நிறையக் கிடைத்துவிட்டது. முதல் சொல்லுக்கும் இரண்டாவது சொல்லுக்கும் இடையில் உங்கள் வீட்டில் எத்தனை நாள் ஆயிற்று? அந்த நாட்களில் பிள்ளையிடம் நீங்கள் என்ன மொழியில் பேசிக்கொண்டிருந்தீர்கள்? அதை இப்போது நினைத்துப் பார்த்தால் சரி என்று படுகிறதா?